ஐந்து பன்றி கேட்டவள்

சண்டை ஓய்ந்த ஏழாம் வருஷம் பியோரா வீட்டார் மூன்று பன்றிகளோடு சமாதானம் பேச வந்தார்கள். பெர்பெத்துவா முதலில் பன்றிகளின் முதுகைத்தான் தடவிப் பார்த்தாள். பூகன்வில் தீவு முழுக்க அப்போது இதே வேலைதான். கொன்றவன் பன்றி கொடுப்பான், இழந்தவள் வாங்குவாள், இருவரும் ஒரே குலைப் பாக்கை மெல்லுவார்கள். மெல்லும்வரை செத்தவனைப் பற்றி அவன் வீட்டாரிடம் கொன்றவன் வாய் திறக்கக் கூடாது. மென்ற பிறகு எலும்பு கிடக்கும் இடத்தைக் காட்டுவான். தாய் அதை எடுத்து வந்து தன் தாய்வழி மண்ணில் புதைப்பாள்.

அவள் மகன் லினஸ், ராணுவம் தீவை முற்றுகையிட்டிருந்த காலத்தில் தங்கையின் மலேரியாவுக்கு மாத்திரை வாங்க ராணுவ முகாமுக்குப் போனவன். திரும்பி வரும் வழியில் உளவாளி என்று பியோரா சுட்டுவிட்டான். ராணுவத்தை எதிர்த்துக் காட்டுக்குள் சண்டை போட்டவர்களில் ஒருவன் பியோரா, பக்கத்து ஊர்க்காரன்தான்.

"இது பன்னியா, காலு வச்ச கூடையா?" என்றாள் பெர்பெத்துவா. மலைமேல் ஊர் எலிசா தன் மகனுக்கு ஐந்து வாங்கியிருந்தாள். லினஸ் மட்டும் இரண்டு பன்றி மட்டமா? லினஸின் தாய்மாமன் போதும் என்று கண்ணைக் காட்டிப் பார்த்தார். அவள் பாக்கைத் தொடவேயில்லை. பிடித்த பிடியில் நின்றால் ஐந்தும் வரும் என்று கணக்குப் போட்டாள்.

கணக்குத் தப்பவில்லை. இரண்டு வருஷத்தில் மற்ற இரண்டும் கொழுத்துத் தயாராயின. நாள் குறித்தார்கள். குறித்த நாளுக்கு எட்டு நாள் முன்னால் பியோரா காய்ச்சலில் போய்ச் சேர்ந்தான்.

துக்கம் கேட்கப் போனாள் பெர்பெத்துவா. வீட்டுக்குப் பின்னால் புது மண்மேடு, மேலே பூ. பியோராவின் அம்மா மோனிகா பன்றிகளை அவிழ்த்து வந்து கயிற்றை நீட்டினாள். பெர்பெத்துவா கயிற்றை வாங்காமல் இடத்தைக் கேட்டாள்.

"ஏதோ வாதுமை மரத்தடின்னான் அக்கா. நானே நேர்ல வந்து காட்டறேன், அம்மா உனக்குச் சொன்னா வழி புரியாதுன்னான்." மோனிகா கயிற்றைத் தூணில் சுற்றினாள். "அவன் எப்பவோ வரத் தயாராத்தான் இருந்தான். நீதான் பன்னி பத்தலேன்னே."

ஒரு பன்றிகூட வேண்டாம் என்று சொல்ல இப்போது பெர்பெத்துவாவுக்கு மனசு வந்திருந்தது. அதைக் கேட்டுக்கொள்ளத்தான் ஆள் இல்லை.

நிமிர்ந்து மலையைப் பார்த்தாள். அடிவாரத்திலிருந்து உச்சிவரை வாதுமை மரங்கள். மோனிகாவிடம் ஒரு மண்வெட்டி கேட்டு வாங்கிக்கொண்டு, கைக்குக் கிட்டிய முதல் மரத்தடியில் படர்ந்திருந்த கொடியை அறுத்துத் தோண்ட ஆரம்பித்தாள்.