கழலாத கவுன்

கதாநாயகிக்கு வெள்ளைக் கவுன் இரண்டு தைத்திருந்தாள் அக்கா. பார்த்தால் இரட்டைப் பிள்ளைகள். ஒன்றின் முதுகில் நிஜமாகவே நாடா கோத்து இறுக்கியிருக்கும். மற்றதில் நாடா வெறும் கண்துடைப்பு. அடியில் பிரஸ் பட்டன்கள். இடுப்போரத்துத் துணிப்பூவைப் பிடித்து இழுத்தால் முதுகு பிளந்து கவுன் கழன்றுவிடும். அதைத் தங்கைக்காகத் தைத்தாள்.

தங்கைதான் கதாநாயகிக்கு டூப். தண்ணீரைக் கண்டால் கரையில் நிற்க மாட்டாள் என்று அப்பா வைத்த பெயர் வாத்து. யூனிட்டிலும் அதுவே நிலைத்துவிட்டது. அக்காவுக்கோ முழங்காலுக்கு மேல் தண்ணீர் ஏறினாலே மூச்சு முட்டும். ஒரே வீட்டில் வாத்தும் கோழியும் என்று அம்மா சொல்லிச் சிரிப்பாள்.

அன்று தண்ணீர்த் தொட்டியில் கவுனோடு மூழ்கி, அடியில் அதைக் கழற்றிவிட்டு மேலே வரும் காட்சி. கவுனோடு போடும் முக்காட்டு வலை கிழிந்துபோனதால் அக்கா கடைக்குப் போயிருந்தாள். திரும்பி வந்தபோது மேக்கப் அறையில் கதாநாயகி செருப்பு மாட்டக் குனிந்திருந்தாள். முதுகில் ஒரு பட்டன் விட்டிருந்தது.

பிரஸ் பட்டன்.

இது எப்படி உங்களிடம் வந்தது என்று அக்கா கேட்டாள். தன் கவுனில் காபி கொட்டிவிட்டதாகவும், உடை மாட்டுகிற பெண் இதை எடுத்துக் கொடுத்ததாகவும் கதாநாயகி சொன்னாள். "என்னோடதை அலசி உங்க தங்கச்சிக்குப் போட்டுவிட்டாங்க. தண்ணிக்குள்ள கறை தெரியாதுல்ல."

அப்படியானால் தங்கை மேல் இருப்பது நாடாக் கவுன்; முதுகுப் பக்கத்தை அவள் பார்த்திருக்க மாட்டாள். மேஜையில் கிடந்த கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு ஓடினாள்.

தொட்டியைச் சுற்றி எல்லோரும் மூச்சுக் காட்டாமல் நின்றார்கள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. மானிட்டரில் தங்கை. அவள் கை துணிப்பூவை இழுத்தது. மறுபடி இழுத்தது. பூ பிய்ந்து கையோடு வந்தது. அடுக்கடுக்கான பாவாடை மேலெழும்பி அவள் தலையையும் கைகளையும் மூடியது. ஆபத்துச் சைகை காட்டினாலும் பாதுகாப்புக்காகத் தொட்டி மூலையில் காத்திருந்த நீச்சல்காரருக்கு எப்படித் தெரியும்? நன்றாக நடிக்கிறாள் என்று டைரக்டர் பக்கத்திலிருந்தவரிடம் முணுமுணுத்தார்.

"நடிப்பு இல்ல சார். அது கழலாது."

அவர் திரும்புவதற்குள் அக்கா குதித்துவிட்டாள்.

தண்ணீர் மூக்கில் ஏறியது. கண் திறக்கவே முடியவில்லை. யாரோ அவளைப் பிடித்து மேலே இழுத்தார்கள், நீச்சல்காரர். அவள் கத்தரிக்கோலை அவர் கையில் திணித்து, கீழே கை காட்டினாள். புரிந்துகொண்டு முங்கினார். தொட்டியின் விளிம்பைப் பிடித்துத் தொங்கியபடி அவள் பார்த்திருந்தாள். கீழே வெள்ளைத் துணி புரண்டது. பிறகு அசைவு நின்றது. அம்மாவிடம் என்ன சொல்வது என்ற நினைப்பு வந்தது. அதை விரட்ட முடியவில்லை.

நீச்சல்காரர் நாடாவை வெட்டித் தங்கையை மேலே கொண்டுவந்தார். உதடு நீலம். குப்புறக் கிடத்தி முதுகைத் தட்டியதும் தண்ணீரைக் கக்கினாள், இருமினாள், அழுதாள்.

டைரக்டர் வெளிறிப்போய், இன்றைக்கு இத்தோடு போதும் என்றார். தங்கை போர்வைக்குள் நடுங்கிக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு அக்காவைக் கூப்பிட்டாள்.

"இன்னைக்கு இறங்கலைன்னா நான் இனிமே தண்ணில இறங்கவே மாட்டேன்க்கா. அந்தப் பட்டன் கவுனைக் கொண்டு வா."

அக்கா முடியாது என்றாள், திட்டினாள், அழுதாள். கடைசியில் கொண்டுவந்தாள். ஒவ்வொரு பட்டனையும் போட்டு, இழுத்து, மறுபடி போட்டாள். துணிக்கு அடியில் தங்கையின் நெஞ்சு படபடவென்று அடிப்பது விரலுக்குத் தெரிந்தது. அவளுக்கும் பயம்தான்.

தங்கை இறங்கினாள். அக்கா நெஞ்சளவுத் தண்ணீரில் படியில் நின்றாள். ஒரே இழுப்பு. கவுன் கீழேயே தங்கிவிட, வாத்து மேலே வந்தாள்.

யாரும் கைதட்டவில்லை. அக்கா அவளைக் கட்டிக்கொண்டாள். இரண்டு பேரும் அந்தத் தண்ணீரிலேயே நின்றார்கள்.