இருபத்து மூன்று நாள் முறிவு

அரசாங்கத்துக்கு ஞாபகசக்தி அபாரம். முப்பத்தொரு வருடம் ஒருத்தி அதன் ஆபீஸில் நான்கு மாடிப் படிக்கட்டையும் கழுவித் துடைத்ததை அது மறந்துவிடும். நடுவில் இருபத்து மூன்று நாள் அவள் வராததை மட்டும் கல்வெட்டாகப் பொறித்து வைத்துக்கொள்ளும். மாடிப்படியக்காவுக்கு அப்படித்தான் நடந்தது. முப்பது வருடம் முறிவில்லாமல் உழைத்தவருக்கே ஓய்வூதியம் என்றார்கள். ஆறாவது வருடத்தில் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்டாளாம். அதற்கு முந்தைய வருடங்களெல்லாம் தள்ளுபடியாம். தள்ளுபடி செய்ய அதென்ன துணிக்கடையா?

விடாதே பிடி என்று வழக்குப் போட வைத்தவள் தங்கை மகள். இருபத்தைந்து வயது; பெரியம்மாவின் காகிதம் ஒவ்வொன்றையும் வரி விடாமல் படித்துக் கோப்பில் அடுக்கி, ஸ்கூட்டரில் அவளைப் பின்னால் ஏற்றிக்கொண்டு வக்கீல் வீட்டுக்கும் கோர்ட்டுக்கும் அலைகிறாள். அன்றைக்கு அவளை நகல் எடுத்து வர அனுப்பிவிட்டு, வக்கீலம்மா அறைக் கதவைச் சாத்தினார்.

"காய்ச்சல், தலைவலின்னு வாயால சொன்னா கோர்ட்டு நம்பாது. டாக்டர் சீட்டு வேணும். என்கிட்டயாவது உண்மையைச் சொல்லுங்க. அந்த இருபத்து மூணு நாள் எங்க போனீங்க?"

இருபத்தைந்து வருடம் அடைத்து வைத்த வாய். எப்படித் திறந்ததோ, அவளுக்கே தெரியாது. கர்ப்பத்தின் ஆறாம் மாதத்தில் புருஷன் விட்டுப் போனதையும், வயிற்றைப் புடவையால் மறைத்துக்கொண்டே படி கழுவியதையும், பெரியாஸ்பத்திரியில் தனியாகக் கிடந்து பெண் குழந்தை பெற்றதையும் சொன்னாள். தங்கைக்குக் கல்யாணமாகிப் பத்து வருடம். ஏறி இறங்காத ஆஸ்பத்திரி இல்லை, மடி நிறையவில்லை. இவளுக்கோ ஒண்டிக் குடித்தனம். பிள்ளையை யாரிடம் விட்டுவிட்டுப் படி கழுவப் போவது? இருபத்து மூன்றாம் நாள் குழந்தையைத் தங்கை கையில் கொடுத்தாள். சாகும்வரை மூச்சு விடமாட்டேன் என்று சத்தியமும் செய்தாள். மறுநாள் காலை ஏழு மணிக்கு வாளியோடு படிக்கட்டில் நின்றாள். பால் கட்டிக்கொண்டு உயிர் போகிற வலி. ரவிக்கை நனைந்ததைக் கேட்டவர்களிடம் தண்ணீர் தெறித்துவிட்டது என்று சமாளித்தாள்.

வக்கீலம்மா கணினியை முன்னால் இழுத்துக்கொண்டார். பிரசவ விடுப்பு என்றால் அது முறிவே கிடையாது, ஆஸ்பத்திரிப் பதிவேட்டில் பெயர் இருந்தால் போதும், கேஸ் கைக்கு வந்த மாதிரிதான் என்று சொல்லிவிட்டு மளமளவென்று தட்டச்சு செய்தார். பாதியில் நிறுத்தி, அந்தப் பெண் இதைப் படிப்பாளே என்றார்.

படிக்கத்தான் செய்வாள். படிக்கட்டுமே என்று மாடிப்படியக்காவுக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது. ஆசை யாரை விட்டது? அந்தப் பெண்ணுக்குக் காய்ச்சல் வந்தபோதெல்லாம் விருந்தாளி மாதிரி வாசலோரம் உட்கார்ந்து எழுந்து வந்தவள் அவள். பெண்ணின் முதல் சம்பளத்தில் இவளுக்கும் ஒரு புடவை வந்தது, அம்மாவுக்கு எடுத்தது போக மிச்சப் பணத்தில். அதையே இன்னும் கட்டாமல் வைத்திருக்கிறாள். ஒரே ஒரு தடவை அவள் வாயால் அம்மா என்று கேட்டுவிட்டால் ஓய்வூதியம் என்ன ஓய்வூதியம், ராஜ்ஜியமே கிடைத்த மாதிரி.

எழுதியதைப் படித்துக் காட்டச் சொன்னாள்.

"மனுதாரர் மேற்படி இருபத்து மூன்று நாட்களும் தாம் பெற்ற பெண் குழந்தையை உடனிருந்து பராமரித்து வந்தார்."

"இன்னொரு தடவை படிங்கம்மா."

படித்தார். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். மூன்றாம் தடவையும் படிக்க வைத்தாள். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "அழிச்சிடுங்க" என்றாள்.

கேஸ் தோற்றுவிடும், அறுபது வயதுக்கு மேல் எதை வைத்துச் சாப்பிடுவீர்கள் என்று வக்கீலம்மா கோபப்பட்டார்.

"பெருக்குற கை இருக்குல்ல, எங்கயாவது பெருக்கித் திம்பேன். என் தங்கச்சிக்கு அவ ஒருத்திதாம்மா."

அந்த வரி போய், 'சொந்தக் காரணங்களுக்காகப் பணிக்கு வர இயலவில்லை' என்ற வரி வந்தது. அச்செடுத்த தாளில் அவள் கையெழுத்துப் போட்டு முடிக்கவும், பெண் நகல்களோடு உள்ளே வரவும் சரியாக இருந்தது. தாளை வாங்கிப் படித்தவளுக்கு முகம் சுருங்கிவிட்டது. வெளியே வந்து படியிறங்கும்வரை பொறுத்தாள், அதற்கு மேல் முடியவில்லை.

"இதை வச்சு எப்படி ஜெயிக்கிறது பெரியம்மா? துணைக்குக்கூட யாருமில்லாம, அத்தனை நாள் தனியா எங்கதான் இருந்தீங்க?"

"தனியா இல்ல கண்ணு."

சொல்லிவிட்டு அவள் விடுவிடுவென்று முன்னால் நடந்தாள், கூட யார் இருந்தார்கள் என்று அடுத்து கேட்டுவிடுவாளோ என்று பயந்துகொண்டு, கேட்டுவிட மாட்டாளா என்று ஏங்கிக்கொண்டு.