கர்ப்பிணிகள் பயப்படக் கூடாது

உடுப்பிட்டியில் தியாகராசா மாஸ்ரர் வாசிக்காமல் விட்ட கடதாசி என்று ஒன்று கிடையாது. பத்திரிகையைக் காசு கொடுத்து வாங்கி வாசிப்பவர்கள் உண்டு, இரவல் வாங்கி வாசிப்பவர்களும் உண்டு. மாஸ்ரர் இவற்றோடு திருப்திப்படுகிற ஆள் அல்லர். கூட்டுறவுச் சங்கக்கடையிலிருந்து பருப்பு வந்தால் பருப்பு குசினிக்குப் போகும். சுற்றி வந்த கடதாசி மாஸ்ரரின் மேசைக்குப் போகும். அதை உள்ளங்கையால் நீவி, மடிப்பை எடுத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்துவரை வாசித்துவிட்டுத்தான் மற்ற வேலை. இதனால் உலகத்து விஷயமெல்லாம் அவருக்குத் தெரியும். ஒன்றும் முழுதாகத் தெரியாது. முப்பது வருடம் விலங்கியல் படிப்பித்து இளைப்பாறிய மனிதரிடம் இதை யார் சொல்வது? மனைவி குணலட்சுமி மட்டும் இரண்டொரு தரம் சொல்லிப் பார்த்து, பிறகு தன் வாய்க்கு ஓய்வு கொடுத்துவிட்டார்.

தொண்ணூற்றோராம் ஆண்டு மாசி மாதம், கொத்தமல்லி சுற்றிய கடதாசியாக ஒரு சஞ்சிகைப் பக்கம் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. சங்கக்கடை மனேச்சர் வேறு யாருமல்ல, மாஸ்ரரின் இளைய மகன் செல்வநாயகம்தான். வயது இருபத்தெட்டு, இன்னும் கலியாணம் ஆகவில்லை. கடையில் பை இல்லாத காலம். இங்கிலாந்துக்குப் போய்விட்ட டொக்டர் ஒருவரின் வீட்டுப் பழைய சஞ்சிகைகளைக் கிழித்துத்தான் சாமான் சுற்றினார்கள்.

பக்கம் ஆங்கிலத்தில் இருந்தது. வயிற்றில் வளரும் ஆண் சிசுவுக்கு ஒரு குறித்த காலத்தில் ஆண் ஓமோன் போதிய அளவு சுரக்கவேண்டுமாம். அந்த நேரம் பார்த்துத் தாய்க்குப் பெரும் பயம் ஏற்பட்டால் அது குறைந்துபோகக் கூடுமாம். சினை எலிகளை அடைத்துவைத்துக் கலங்கடித்துப் பார்த்தார்களாம். பிறந்த ஆண் எலிகள் வளர்ந்த பிறகு பெண் எலிகளைத் திரும்பியும் பார்க்கவில்லையாம். மனிதரில் ஆண் ஆணை விரும்புவதற்கும் இது காரணமாக இருக்குமோ, உலக யுத்தக் குண்டுவீச்சுக்குள் வயிற்றில் பிள்ளையோடு இருந்த தாய்மாரை விசாரித்துப் பார்த்தால் என்ன என்று ஒருவர் கேட்டிருந்தார். அடுத்த வசனம் ‘ஆனால்’ என்று தொடங்கியது. அந்த ‘ஆனாலோடு’ பக்கம் முடிந்துவிட்டது.

வேறு யாருமாயிருந்தால் அந்த ‘ஆனாலுக்கு’ ஒரு மரியாதை கொடுத்திருப்பார்கள். மாஸ்ரர் கதிரையை விட்டு எழும்பிவிட்டார். குண்டு, பயம், கர்ப்பம் மூன்றுக்கும் யுத்தம் நடந்த உடுப்பிட்டியில் அப்போது தட்டுப்பாடே இல்லை. மண்ணெண்ணெய்க்கும் சவர்க்காரத்துக்கும்தான் தட்டுப்பாடு. வடக்கிலும் தெற்கிலும் ஒருவரும் கவனியாத பேராபத்தைத் தான் ஒருவர் கண்டுபிடித்துவிட்டதாக அவருக்கு நெஞ்சு விம்மியது.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் வாசிகசாலையில் கூட்டம் கூட்டினார். எலிகளைப் பற்றி நன்றாகவே பேசினார். முக்கியமான இடம் வந்ததும் அவருக்கு வெட்கம் பிடித்துக்கொண்டது. பெண்கள் இருக்கிறார்களே என்று அந்த ஒரு வசனத்தை மட்டும் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டுத் தண்ணீர் குடித்தார். சனத்துக்குப் பயத்தில் முகம் வெளிறிவிட்டது. வாசிகசாலைச் செயலாளர் தம்பிஐயா எழும்பினார். அவருடைய மருமகள் இராசமலருக்கு அப்போது ஆறு மாதம்.

“மாஸ்ரர், மறைக்காமல் சொல்லுங்கோ. பிள்ளைக்கு வால் முளைக்குமோ?”

“சீ, என்ன கதை இது!”

“அப்ப கண் தெரியாதோ?”

“கண், மூக்கு, கை, கால் ஒண்டுக்கும் பழுதில்லை. வளந்தாப் பிறகு கலியாணம் கட்டமாட்டான். ஆம்பிளை ஆம்பிளையைத்தான் விரும்புவான். அவ்வளவுதான். பெரிய அவலம்.”

 பின்வரிசை வாங்கிலிருந்து ஒரு குரல் வந்தது. “அப்ப சீதனத்தை ஆர் ஆருக்குக் குடுக்கிறது?” கூட்டம் அரைமணி நேரம் அதைப் பற்றியே கதைத்தது. ஒரு முடிவுக்கும் வரவில்லை.

செல்வநாயகம் வாசலில் சைக்கிளைப் பிடித்தபடி நின்று, தகப்பனின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். மகன் இவ்வளவு கவனமாகத் தன் பேச்சைக் கேட்டு மாஸ்ரர் கண்டதில்லை. அவருக்குப் பெருமை தாங்கவில்லை.

அடுத்த நாளே அறிவித்தல் பலகையில் பெரிய எழுத்தில் நோட்டீஸ் ஏறியது: ‘கர்ப்பிணிகள் பயப்படக் கூடாது.’ கீழே விதிகள். கர்ப்பிணிகளுக்கு முன்னால் குண்டு, ஷெல் என்ற சொற்களைப் பாவிக்கக் கூடாது. பொம்மர் விமானம் வந்தால் அவர்கள் சிரித்த முகத்தோடு பங்கருக்குள் இறங்கவேண்டும். மாஸ்ரர் சைக்கிளில் ஒழுங்கை ஒழுங்கையாகப் போய் விதிகளைக் கண்காணித்தார். படலையைத் தள்ளிக்கொண்டு திடீரென்று உள்ளே போய், “பயப்பிடாதையுங்கோ!” என்று வகுப்பில் கத்துகிற குரலில் கத்துவார். இராசமலர் கையிலிருந்த சட்டியைப் போட்டுவிட்டாள்.

“மாமா, எனக்குப் பொம்மரிலை பயமில்லை” என்று அவள் தம்பிஐயாவிடம் அழுதாள். “இந்த மாஸ்ரர் வாறதுதான் பயமாக் கிடக்கு.”

இந்தச் சேவைக்கு நடுவிலேயே அவர் இன்னொரு காரியத்தையும் முடித்திருந்தார். கொடிகாமத்தில் மரக்கறி மொத்தமாக எடுத்துக் கொடுக்கிற நமசிவாயத்தின் மகள் தவமணியைச் செல்வநாயகத்துக்குப் பேசி, வாக்கும் கொடுத்துவிட்டார். சனிக்கிழமை பெண் வீட்டார் வருவதாக ஏற்பாடு. வாக்குக் கொடுத்த நேரத்தில் மாப்பிள்ளை சங்கக்கடையில் சீனி நிறுத்துக்கொண்டிருந்தான். அவனிடம் சாப்பாட்டு நேரத்தில் தகவல் தெரிவிக்கப்பட்டது.

வியாழக்கிழமை மத்தியானம் செல்வநாயகம் சாப்பிட வந்தான். கை கழுவவில்லை. மேசைக்கு முன்னால் வந்து நின்றான்.

“அப்பா, அவையளைச் சனிக்கிழமை வரவேண்டாமெண்டு சொல்லுங்கோ.”

“ஏன், சங்கத்திலை லீவு தரமாட்டினமோ?”

“நான் கட்டேல்லை. அந்தப் பிள்ளையிலை ஒரு குறையுமில்லை. நான் ஒருத்தியையும் கட்டேல்லை.”  மேசையில் கிடந்த பக்கத்தில் விரலை வைத்தான். “உந்தப் பக்கத்திலை மல்லியைச் சுத்திவிட்டது நான்தான். ஒரு மாதமாத் தேடி எடுத்தனான். வாயாலை சொல்ல எனக்கு ஏலாமக் கிடந்துது. இங்கிலீசிலை அச்சடிச்சுக் கிடந்தா நீங்கள் நம்புவியளெண்டு நினைச்சன். நீங்கள் அதை வாசிச்சுப்போட்டுப் பொம்மருக்கு எதிரா நோட்டீஸ் ஒட்டிறியள். அப்பா, நீங்கள் ஊரைக் கூட்டி வாசிச்சது என்னைப் பற்றி.”

எந்தத் தகப்பனும் இந்த இடத்தில் ஒன்றில் கத்துவான், இல்லாவிட்டால் அழுவான். மாஸ்ரர் பேனையை எடுத்தார். அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. கையில் பேனை இருந்தால்தான் அவருக்குக் கால் நிலத்தில் நிற்கும்.

“இஞ்சேர், குணம்! ஒருக்கா வா. செல்வன் வயித்திலை இருக்கேக்கை நீ எதுக்குப் பயந்தனீ?”

குணலட்சுமி அகப்பையோடு வந்து மகனின் முகத்தையும் புருசனின் பேனையையும் பார்த்தார். அவருக்கு விளங்கிவிட்டது.

“ஒண்டுக்கும் பயப்பிடேல்லை.”

“வடிவா யோசிச்சுச் சொல்லு. பாம்பு? இடி? கள்ளன்?”

“அறுபத்திரண்டிலை நான் அம்மா வீட்டிலை இருந்தனான். நீங்கள் பதுளையிலை படிப்பிச்சியள், மாதத்துக்கு ஒருக்காத்தான் வருவியள். விடிய எழும்பத் தேவையில்லை, விதி சொல்ல ஆளில்லை. அந்தப் பத்து மாதம் மாதிரி நான் நிம்மதியா இருந்தது என்ரை சீவியத்திலை இல்லை.”

மாஸ்ரர் எழுதவில்லை. “அப்ப பெரியவன்?” என்றார்.

“பெரியவன் வயித்திலை இருக்கேக்கைதானே ஐம்பத்தெட்டுக் கலவரம். பாணந்துறையிலை கோழிக்கூட்டுக்குப் பின்னாலை ஒரு பகல் முழுக்க ஒளிச்சிருந்தது மறந்துபோச்சோ? கப்பல் ஏத்திக் காங்கேசன்துறையிலை இறக்கேக்கை எனக்குப் பேச்சே வரேல்லை. அவனுக்குக் கனடாவிலை இப்ப நாலு பிள்ளையள்.”

உலகத்து எலிகளெல்லாம் சேர்ந்து கட்டிக்கொடுத்த கோட்டை ஒரு குசினிப் பேச்சில் இடிந்து விழுந்தது. பயந்த வயிற்றில் பிறந்தவன் நாலு பிள்ளைக்குத் தகப்பன். குளிர்ந்த வயிற்றில் பிறந்தவன் இதோ முன்னால் நிற்கிறான். இரண்டு பிள்ளைகளை வைத்து ஒன்றையும் நிறுவ முடியாது என்பதும் மாஸ்ரருக்குத் தெரியும். ஏன் என்ற கேள்விக்குத் தன்னிடம் விடை இல்லை. அந்தச் சஞ்சிகைக்காரரிடமும் அநேகமாக இல்லை.

“உனக்கு உது முதலே தெரியுமோ?”

“கனகாலம்.”

“பிறகேன் எனக்குச் சொல்லேல்லை?”

“எதிலை சுத்தித் தாறது?” என்று கேட்டுவிட்டுக் குணலட்சுமி அடுப்படிக்குப் போய்விட்டார்.

அப்போதுதான் மாஸ்ரருக்கு அந்த வாசிகசாலைக் கூட்டம் ஞாபகம் வந்தது. ‘பெரிய அவலம்’ என்று தான் சொன்னதும், வாசலில் சைக்கிளைப் பிடித்தபடி நின்ற முகமும் வந்தன. மாஸ்ரருக்கு வெட்கமாக இருந்தது. மகனை நினைத்தல்ல, தன்னை நினைத்துத்தான். அந்த வெட்கம் அவருக்குப் பழக்கமில்லாதது. எங்கே வைப்பதென்று தெரியாமல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார்.

“கொடிகாமத்துக்கு நான் போய்ச் சொல்லட்டோ?” என்று செல்வநாயகம் கேட்டான்.

“வாக்குக் குடுத்தது நான். நீ சாப்பிடு” என்றார் மாஸ்ரர்.

வெள்ளிக்கிழமை காலை சைக்கிளை எடுத்தார். பேசிய கலியாணத்தைக் குழப்புவதற்கு யாழ்ப்பாணத்தில் ஒரு ராசபாட்டை உண்டு. சாதகம் பொருந்தவில்லை என்று சொன்னால் போதும். பழியைக் கிரகங்கள் ஏற்றுக்கொள்ளும், அவை திருப்பிக் கதைப்பதுமில்லை. விஞ்ஞானம் படிப்பித்த வாயால் இதைச் சொல்ல வேண்டி வந்துவிட்டதே என்று வழி முழுக்க நொந்துகொண்டார். ஆனாலும் மகனுக்காக அதையும் சொல்லத் துணிந்துதான் நமசிவாயத்தின் முற்றத்தில் சைக்கிளை நிறுத்தினார்.

நமசிவாயம் கையைப் பிடித்து உள்ளே கூட்டிக்கொண்டுபோய் இருத்தினார். “மாஸ்ரர், நீங்கள் எங்களுக்குத் தெய்வம் மாதிரி. தவமணிக்குச் செவ்வாய். அதாலை எட்டு இடம் தட்டிப்போச்சு. சாதகமே பாக்கத் தேவையில்லையெண்டு சொன்ன முதல் ஆள் நீங்கள்தான்.”

தான் அப்படிச் சொன்னது அப்போதுதான் ஞாபகம் வர, மாஸ்ரரின் ராசபாட்டை அந்த இடத்தில் அடைபட்டது. கிரகத்தில் பழி போட்டால் அது கிரகத்தில் நிற்காது, ஒன்பதாவது தடவையாக அந்தப் பிள்ளையின் தலையில்தான் விழும். உள்ளதைச் சொன்னாலோ, கொடிகாமச் சந்தைக்கு வந்த முருங்கைக்காய் ஊர் போய்ச் சேரும் முன்னர் செல்வநாயகத்தின் பெயர் குடாநாடு முழுக்கப் போய்விடும். நமசிவாயத்தின் சிரிப்பைப் பார்க்க முடியாமல் அவர் தன் செருப்பைப் பார்த்தார்.

“நமசிவாயம், உந்தக் கலியாணம் நடவாது. உங்கடை பிள்ளையிலை ஒரு குறையுமில்லை. என்ரை மகனிலையும் இல்லை. குறை என்னிலை. அவனைக் கேளாமல் வாக்குக் குடுத்துப்போட்டன்.”

நமசிவாயத்துக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் கோபம் உச்சிக்கு ஏறியது. “இதென்ன புதினம்? ஆரப்பா பிள்ளையளைக் கேட்டுக் கலியாணம் பேசுறது? நான் என்ரை பிள்ளையைக் கேட்டனானோ?”

“இல்லை ஐயா, கேக்கேல்லை” என்றது உள்ளேயிருந்து ஒரு பெண் குரல். கோபமில்லை, கேட்டதற்குச் சொன்ன பதில்தான். நமசிவாயம் வாயைத் திறந்தபடி கதவைப் பார்த்தார்.

பிறகு, “ஊருக்கு நான் என்ன சொல்லுறது?” என்று தணிந்த குரலில் கேட்டார்.

“தியாகராசன் சொல்லுத் தவறினவன் எண்டு சொல்லுங்கோ. சந்தையிலை நிண்டு சொல்லுங்கோ. ஆரும் வந்து கேட்டா ஓமெண்டு நானும் சொல்லுறன்.”

இருபது வயதிலிருந்து கட்டிக் காத்த பெயர் அது. அதைக் கொடிகாமத்தில் இறக்கி வைத்துவிட்டு மாஸ்ரர் சைக்கிளை மிதித்தார். உடல் களைத்திருந்தது. மனது அவ்வளவு பாரமாயில்லை என்பது அவருக்கே ஆச்சரியமாக இருந்தது. வீட்டுக்குப் போகாமல் நேரே சங்கக்கடைக்குப் போனார்.

கடை பூட்டுகிற நேரம். செல்வநாயகம் தனியே நின்று கடைப் பலகைகளை ஒவ்வொன்றாகப் பொருத்திக்கொண்டிருந்தான். தகப்பனைக் கண்டதும் கையிலிருந்த பலகையோடு அப்படியே நின்றான்.

“சொல்லிப்போட்டன்.”

“என்னெண்டு?”

“உன்னைக் கேளாமல் வாக்குக் குடுத்தனெண்டு.”

மகன் தலையைக் குனிந்துகொண்டான். பலகையின் விளிம்பை விரலால் தடவினான்.  வகுப்பில் அவர் கேட்ட கேள்விகளுக்கெல்லாம் விடை அவருக்கு முன்கூட்டியே தெரியும். இது அப்படியான கேள்வி அல்ல.

“தம்பி, இப்ப கேக்கிறன். சொல்லுறியோ?”

செல்வநாயகம் நிமிர்ந்து பார்த்தான். நம்பலாமா என்று அந்தக் கண்கள் தேடின. “ஓமோனைப் பற்றியோ?”

“இல்லை. உன்னைப் பற்றி.”

அவன் பலகையைச் சுவரில் சாத்தினான். வெறும் தேயிலைப் பெட்டி ஒன்றை இழுத்து, சாரத் தலைப்பால் தூசி தட்டித் தகப்பனுக்கு முன்னால் வைத்தான்.

“இருங்கோ அப்பா. கொஞ்சம் நேரம் எடுக்கும்.”

மாஸ்ரர் இருந்தார்.