இரண்டு பாதியும் ஒரு மூன்றில் ஒன்றும்

என் ராத்தா றஷீனா, எனக்கு மூத்தவள், பிள்ளை இல்லாமல் மௌத்தாகி நாற்பதாம் நாள் கழிந்த மறுநாள், பதுளைக் கடைத்தெருவிலிருந்த அவளுடைய வீட்டைப் பங்கு போட ஆண்கள் உட்கார்ந்தார்கள். வாப்பா உயிரோடு இருந்த காலத்தில் சீதனமாக அவள் பேருக்கு எழுதிய வீடு. இப்போது பங்குள்ளவர்கள் மூன்று பேர்: அவளுடைய புருஷன் ஹாஷிம் மச்சான், எங்கள் உம்மா காமிலா, தங்கச்சி பலீலாவாகிய நான். பங்கு எங்களுக்கு இருந்தாலும் பேச்சு ஆண்களுக்குத்தான். நானும் உம்மாவும் திரைக்குப் பின்னால் இருந்தோம்.

என் கணவர் றவூப் பண்டாரவளையிலிருந்து வண்டி கட்டி என்னைக் கூட்டி வந்திருந்தார். என் பங்கை விற்று அங்கே கடையைப் பெரிதாக்கலாம் என்று வழியெல்லாம் ஒரே பேச்சு. மச்சானும் தன் பங்கை விற்கத்தான் போகிறார். உம்மா எங்கே இருப்பார் என்று இரண்டு பேருக்கும் கேட்கத் தோன்றவில்லை. அந்த வீட்டை விட்டால் உம்மாவுக்கு வேறு கூரை கிடையாது.

மச்சான் துணி வியாபாரி. வீட்டின் நீளத்தை அளந்தார், இருபத்துநான்கு முழம். "பிள்ளை இல்லாட்டி புருஷனுக்குப் பாதி. ஒரே சகோதரிக்கும் பாதி. பன்னண்டு, பன்னண்டு. கணக்கு முடிஞ்சுது," என்றார்.

"உம்மாட மூணுல ஒண்ணு எங்க?" என்று கேட்டார் பங்கு பிரிக்க அழைத்திருந்த இப்றாஹீம் லெப்பை.

மச்சான் விழித்தார். அவர் கடையில் அரை உண்டு, கால் உண்டு, அரைக்கால் உண்டு. மூன்றில் ஒன்று கேட்டு யாரும் வருவதில்லை. "ரெண்டு பாதியும் போனா மிச்சம் ஏது? இல்லாததுல மூணுல ஒண்ணு எடுத்துக்கட்டும்," என்று சிரித்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

லெப்பை சிரிக்கவில்லை. "பாதி ஒரு அளவு, மூணுல ஒண்ணு வேற அளவு. அப்பிடியே கூட்ட ஏலாது. முதல்ல எல்லாத்தையும் ஆறாம் பங்காக்குங்க. பாதின்னா மூணு. மூணுல ஒண்ணுன்னா ரெண்டு. மத்தப் பாதியும் மூணு. கூட்டினா எட்டு."

"வீட்டுல ஆறுதானே இருக்கு?"

"அதுக்குத்தான் வீட்டை எட்டாப் பிரிக்கிறது. மூணு, ரெண்டு, மூணு. எல்லாருக்கும் ஒரே மாதிரி குறையும். இது நான் போட்ட சட்டம் இல்ல, பழைய தீர்ப்பு."

எட்டில் ஒன்று மூன்று முழம். மச்சானுக்கு ஒன்பது, எனக்கு ஒன்பது, உம்மாவுக்கு ஆறு. மனதுக்குள் கூட்டிப் பார்த்தேன், சரியாக இருபத்துநான்கு. உம்மாவுக்குக் கூரை கிடைத்துவிட்டது. சந்தோஷத்தில் அழுதேவிட்டேன்.

அடுத்தது எது யாருக்கு என்ற பேச்சு. சம்பளத்தன்று ஸ்பிரிங்வெளித் தேயிலைத் தோட்டத்து ஆட்கள் வந்து நிறையும் தெரு அது, முன்பக்கத்துக்கு மவுசு. அதை மச்சான் எடுத்துக்கொண்டார். நடுப்பகுதியை என் கணவர் எனக்கென்று கேட்டார். உம்மாவுக்கு மிஞ்சியது அடுப்படிப் பக்கம். அதன் பின்னால் செங்குத்தாக வெட்டிய மலை.

"அவங்க தெருவுக்கு எப்பிடிப் போறது?" என்றார் லெப்பை.

மச்சானுக்கே முகம் சுருங்கிவிட்டது. "என்ட பங்குல ஒரு ஓரமா வழி விடுறேன்," என்றார். நடுவிலும் வழி வேண்டுமே, என் கணவர் அசையவில்லை. வழி விட்டால் வாங்குகிறவன் பாதி விலைக்குக் கேட்பானாம்.

"என்ட பங்க நான் விக்க மாட்டேன்," என்றேன் திரைக்குப் பின்னாலிருந்தே.

"அப்ப உம்மாவோட இங்கயே இரு," என்றார் இவர். "வண்டியில ஒரு ஆள் போனாப் போதும்."

உம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "போ மகள். எனக்கு அந்த ஆறு முழம் போதும். வழி எதுக்கு? நான் மௌத்தானா எப்பிடியும் தூக்கிட்டுப் போவாங்கதானே?"

அதற்குமேல் எனக்குத் தாங்கவில்லை. திரையை விலக்கி, இத்தனை ஆண்களுக்கு முன்னால் வந்து நின்றேன்.

"வண்டியைப் பூட்டச் சொல்லுங்க," என்றேன் இவரிடம். "ஒரு ஆளுக்கு."