கட்டி கூடாது

கான்கிரீட் கலவையை இரண்டு விரலால் தொட்டுப் பார்த்தே அதன் பூர்வோத்தரத்தைச் சொல்லிவிடுவார் என்று கியூ.சி.யைப் பற்றி அவர் வேலை செய்யும் இடத்தில் ஒரு பேச்சு உண்டு. அந்தப் பேச்சைக் கிளப்பிவிட்டவர் அவரேதான் என்பது அவர் மனைவியின் அபிப்பிராயம். கட்டடக் கம்பெனியில் அவர் தரக்கட்டுப்பாட்டு அதிகாரி. அந்தப் பதவியின் ஆங்கிலச் சுருக்கம்தான் வீட்டிலும் அவருக்குப் பெயராக நின்றுவிட்டது. லாரியில் வரும் கலவை பிடித்திருந்தால் இறக்கச் சொல்வார். பிடிக்காவிட்டால் லாரி வந்த வழியே போகும். இருபத்தாறு வருடம் இதையே செய்ததில், தட்டில் விழும் எதையும் வெறுமனே எடுத்துச் சாப்பிட அவரால் முடியாமல் போயிற்று.

போன வருட விடுமுறை விருந்தில்தான் வினை ஆரம்பித்தது. வருடக் கடைசியில் லீவு விட்டதும் குடும்பம் மொத்தமும் ஒருநாள் மதியம் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும். எப்போதும் கியூ.சி.யின் அக்கா வீட்டில்தான். அக்கா பள்ளிக்கூடத் தலைமையாசிரியை. அவர் செய்யும் உருளைக்கிழங்கு மசியல், அதாவது வெண்ணெய், பால், க்ரீம் எல்லாம் சேர்த்து மசித்து ட்ரேயில் பரப்பி ஓவனில் வைத்து எடுப்பது, அந்தக் குடும்பத்தில் கேள்விக்கு அப்பாற்பட்டது. கியூ.சி. அதில் ஒரு கரண்டி தட்டில் வைத்து, தட்டைச் சாய்த்து, அது நகர்வதைக் கவனித்துவிட்டுச் சொன்னார்:

"நல்லாத்தான் இருக்குக்கா. கொஞ்சம் தளர்ச்சி ஜாஸ்தி."

மேசையில் இருந்த பதினொரு பேரும் மெல்லுவதை நிறுத்தினார்கள்.

"அப்படியாடா தம்பி," என்றார் அக்கா. "அப்ப அடுத்த வருஷம் நீயே பண்ணு. உங்க வீட்லயே வெச்சுக்கலாம். நல்லா வந்துச்சுன்னா இனிமே எல்லா வருஷமும் அங்கதான். வரலன்னா, வாயை மூடிக்கிட்டு பழையபடி இங்க வந்துடணும்."

கியூ.சி.யின் காதில் இது சவாலாக விழுந்தது. மனைவியின் காதில் விழுந்ததோ வேறு. பத்தொன்பது வருடமாக நாத்தனார் வீட்டு மேசையில் அவளுக்கு என்று வாய்த்தது சமையலறைக் கதவை ஒட்டிய ஒரு முக்காலி. யார் கதவைத் திறந்தாலும் தட்டோடு எழுந்து வழிவிட வேண்டும். வெள்ளரிக்காய் வெட்டுவது அவள் பொறுப்பு. அதையும் நாத்தனார் ஒரு துண்டைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்து, "இன்னும் கொஞ்சம் மெல்லிசா" என்பார். வருடத்தில் ஒரே ஒரு நாள், தன் வீட்டில், தன் மேசையில், முதுகைச் சாய்த்து உட்கார்ந்து நாலு பேருக்கு "போட்டுக்கோங்க" என்று சொல்ல வேண்டும் என்பது அவளுடைய ஆசை. அதற்காக எதையும் பொறுத்துக்கொள்ளத் தயாராக இருந்தாள், புருஷனைச் சமையலறைக்குள் விடுவது உட்பட.

செய்முறையை நாத்தனாரிடமே செய்தி அனுப்பிக் கேட்டுக்கொண்டாள். நேரில் பேச ஆரம்பித்தால் லேசில் விடாத நாத்தனார், எழுத்தில் படு சிக்கனம். வந்த பதில் இவ்வளவுதான்:

"கிழங்கு இரண்டு கிலோ. வெண்ணெய் நூறு கிராம். கட்டி கூடாது. பால் சூடு. க்ரீம் கடைசி."

விருந்து நாள் காலை எட்டு மணிக்கு கியூ.சி. இதைப் பெரிய எழுத்தில் எழுதி ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டினார். இடுப்பில் மனைவியின் ஏப்ரன், காதில் பென்சில்.

"மூணாவது ஷரத்துதான் முக்கியம். கட்டி கூடாது. அதாவது, கெட்டியா இருக்கக் கூடாது."

"கட்டின்னா கட்டிங்க," என்றாள் மனைவி. "உருண்டை உருண்டையா நிக்காம மசிக்கணும்னு சொல்றாங்க."

"அது சாதாரண ஜனங்க எடுத்துக்கிற அர்த்தம்."

"அத்தை சாதாரண ஜனத்துக்குத்தானேப்பா அனுப்பினாங்க," என்றாள் மகள். கல்லூரி லீவுக்கு வந்தவளை வந்த அன்றைக்கே கிழங்குத் தோல் உரிக்க உட்கார வைத்திருந்தார்கள்.

"கட்டி, கெட்டி. ரெண்டுக்கும் வேர் ஒண்ணும்மா. எங்க ஃபீல்டுல இதெல்லாம் தெரிஞ்சிருக்கணும்."

இலக்கணமும் கான்கிரீட்டில் அடக்கம் என்பது அம்மாவுக்கும் மகளுக்கும் அன்றுதான் தெரிந்தது.

ஒரு லிட்டர் பாலைச் சுடவைத்து, வெந்து மசித்த கிழங்கில் ஒரே மூச்சில் ஊற்றினார். பிறகு சோதனை. ஒரு டம்ளரில் மசியலை நிரப்பி, தட்டில் கவிழ்த்து, டம்ளரை மட்டும் மெதுவாகத் தூக்க வேண்டும். கலவை எத்தனை அங்குலம் இறங்குகிறதோ அதுதான் தளர்ச்சி. லாரிக் கலவைக்கு இதையே பெரிய கூம்பு வைத்துச் செய்வார்கள். கியூ.சி. டம்ளரைத் தூக்கினார். மசியல் நிற்பதா வேண்டாமா என்று யோசிக்கக்கூட இல்லை. தட்டைத் தாண்டி, மேடையைத் தாண்டி, மகளின் செருப்பு வரைக்கும் போயிற்று.

"சூப்புன்னு சொல்லியிருந்தா நான் பாட்டுக்கு கிண்ணம் எடுத்து வெச்சிருப்பேனே," என்றாள் மகள்.

"நடுநடுவுல கட்டி வேற மிதக்குது," என்றாள் மனைவி.

கியூ.சி. குனிந்து பார்த்தார். தோல்வியைப் பார்த்த முகமாக அது இல்லை, கூடுதல் தகவல் கிடைத்த முகமாக இருந்தது.

"நீ சொன்ன அர்த்தமும் கொஞ்சம் இருக்கு. ரெண்டையும் சேர்த்து சரி பண்ணிடலாம்."

மறுநாளைக்கென்று வைத்திருந்த கிழங்கையும் வேகவைத்துக் கொட்டினார். தளர்ச்சிக்கு அது மருந்து. கட்டிக்கு மருந்தாக மிக்ஸியை எடுத்தார்.

"ஐயோ, மிக்ஸியில போடாதீங்க. கையால மசிங்க."

"கையால கலக்கினதை நான் என் சர்வீஸ்ல பாஸ் பண்ணினதே இல்ல."

எட்டு தடவை மிக்ஸி ஓடியது. ஒவ்வொரு தடவையும் கடிகாரம் பார்த்து மூன்று நிமிடம். எட்டாவது தடவையில் மிக்ஸியிலிருந்து லேசாகக் கருகல் வாசனை வந்தது. மறுபடியும் டம்ளர், மறுபடியும் தட்டு. இந்த முறை மசியல் டம்ளரைப் போலவே நிமிர்ந்து நின்றது. மேல் விளிம்பு கூட மழுங்கவில்லை. கியூ.சி. ஸ்கேல் வைத்துப் பார்த்துவிட்டுத் தணிந்த குரலில், "பூஜ்யம்," என்றார். இருபத்தாறு வருட சர்வீஸின் பெருமை மொத்தமும் அந்த ஒரு சொல்லில் இருந்தது.

மனைவி ஒரு விரலால் தொட்டாள். விரலை எடுத்தபோது மசியலும் கூடவே கிளம்பி, ஒரு முழம் வந்து, வேண்டா வெறுப்பாக அறுந்தது. பல் செட்டு தயாரிக்கும் இடத்தில்தான் அவளுக்கு வேலை. வாய்க்குள் வைத்துப் பல்லுக்கு அச்சு எடுக்கும் பசையோடு பதினாலு வருடம் புழங்கியவள். பார்த்த மாத்திரத்தில் அந்தப் பசையின் சொந்தக்காரனை அடையாளம் தெரிந்துகொண்டாள்.

"இதைக் கடிச்சா மேல் வரிசை, கீழ் வரிசை ரெண்டுக்கும் அளவு எடுத்துடலாம்," என்றாள்.

"எங்க காலேஜ்ல தேர்தல் வருதுப்பா," என்றாள் மகள். "போஸ்டர் ஒட்டக் கொஞ்சம் எடுத்துக்கட்டுமா?"

மணி பதினொன்றரை. ஒரு மணிக்கு ஆட்கள் வந்துவிடுவார்கள். பக்கத்தில் கடையும் இல்லை, வீட்டில் வேறு கிழங்கும் இல்லை. மனைவி ஸ்டூலில் உட்கார்ந்து ஒரு நிமிடம் கண்ணை மூடிக்கொண்டாள். அந்த ஒரு நிமிடத்தில் இன்னும் பத்தொன்பது வருடத்து வெள்ளரிக்காய் வரிசையாக வந்து போனது. எழுந்தாள்.

"நீங்க போய் நாற்காலியெல்லாம் சரியா இருக்கான்னு பாருங்க."

"பார்த்தாச்சே."

"ஆடுதான்னு பார்த்தீங்களா? ஒவ்வொண்ணா உட்கார்ந்து பாருங்க."

சோதனை என்றதும் அவர் போய்விட்டார்.

வீட்டில் இருந்ததிலேயே அகலமான இரண்டு ட்ரேயை எடுத்து, ஈரக் கரண்டியால் அந்தப் பசையை விரல்கடை உயரத்துக்கு மேல் போகாமல் மெல்லிசாக இழுத்துப் பரப்பினாள். உயரமாக இருந்தால்தானே இழுக்கும். மேலே சீஸைத் துருவிக் கொட்டினாள். பழைய ரொட்டியைப் பொடித்து, வெண்ணெயில் புரட்டி, ஒரு இடம் விடாமல் தூவினாள். ஓவனை அது போகும் மட்டும் சூடேற்றி உள்ளே தள்ளினாள். முக்கால் மணியில் மேல்பக்கம் பொன்னிறமாகப் பொரிந்து, ஓரமெல்லாம் முறுகி, வீடு முழுக்க வாசனை பிடித்துக்கொண்டது. உள்ளே என்ன இருக்கிறது என்று வாசனை சொல்லவில்லை.

மேசையில் முதல் துண்டு நாத்தனாருக்கு. இரண்டாவது நாத்தனார் வீட்டுக்காரருக்கு. அவர் வாயில் இருந்த பல் செட்டு இவள் கையால் செய்தது. எவ்வளவு இழுப்பைத் தாங்கும் என்பது இவளுக்கு மில்லிமீட்டர் சுத்தமாகத் தெரியும். அவர் கடித்தார். மென்றார். மெல்லுவது மெதுவாகி, நின்றது. கை கன்னத்துக்குப் போனது. தாடை ஒருமுறை பக்கவாட்டில் அசைந்து, பிறகு வேலையைத் தொடர்ந்தது. விழுங்கிவிட்டு, முறுகலான ஓரத்துண்டாகப் பார்த்து எடுத்துக்கொண்டார்.

நாத்தனாரை அப்படி ஏய்க்க முடியாது.

"மேல பிரமாதமா இருக்கு," என்றார். "கீழ என்னமோ பிடிச்சு இழுக்குதே. என்ன பண்ணினீங்க?"

மனைவி நாலைந்து பதில் தயாராக வைத்திருந்தாள். வாயைத் திறப்பதற்குள் கியூ.சி. எழுந்து போய் ஃப்ரிட்ஜ் கதவிலிருந்து தாளை உரித்துக்கொண்டு வந்தார். அதன் ஓரத்தில் பென்சிலால் குறித்து வைத்திருந்த முதல் கலவை, அதன் தளர்ச்சி, இரண்டாவது கலவை, அதன் தளர்ச்சி, மிக்ஸியின் எட்டு ஓட்டம் என்று நேரம் உட்பட எல்லாவற்றையும் நின்றபடி வாசித்தார். கேட்காததையும் சொன்னார்.

"மிக்ஸியிலயா போட்ட? எட்டு தடவை?" என்றார் நாத்தனார். "எதுக்குடா?"

"நீதானேக்கா எழுதின, கட்டி கூடாதுன்னு."

"அது வெண்ணெயைச் சொன்னதுடா. வெண்ணெயைக் கட்டியா அப்படியே போடக் கூடாது, உருக்கிப் போடணும். வெண்ணெய்க்குப் பக்கத்துலதானே எழுதியிருக்கேன்."

"நடுவுல முற்றுப்புள்ளி இருக்கே அத்தை," என்றாள் மகள். தன் அம்மாவின் போனை எடுத்து அந்தச் செய்தியைத் திறந்து நீட்டினாள்.

நாத்தனார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார்.

"இதுக்கெல்லாம் பிள்ளைங்களுக்கு அரை மார்க் குறைப்பியே," என்றார் அவர் வீட்டுக்காரர். அன்றைக்கு அவர் பேசிய முதல் வாக்கியம் அது. ரசித்துப் பேசினார்.

"சரி, சரி. கேள்வித்தாள்லயே தப்பு," என்றார் நாத்தனார். தலைமையாசிரியை ஆயிற்றே, தப்பை ஒத்துக்கொண்டாலும் அறிவிப்பாகத்தான் ஒத்துக்கொள்வார். "ஆக, இந்தப் பரீட்சை செல்லாது. அடுத்த வருஷம் மறுபரீட்சை. எங்க வீட்ல."

கியூ.சி. தலையாட்டிவிட்டார். நியாயமான தீர்ப்பாகவே அவருக்குப் பட்டது.

"மறுபரீட்சைன்னா அதே சென்டர்லதானே அக்கா வைப்பாங்க?" என்றாள் மனைவி.

குரலை உயர்த்தவில்லை. சந்தேகம் கேட்கும் மாணவி போலத்தான் கேட்டாள். நாத்தனார் அவளை நிமிர்ந்து பார்த்தார். பத்தொன்பது வருடத்தில் முதல் தடவையாக நன்றாகப் பார்ப்பது போல இருந்தது.

"விதி அப்படித்தான் இருக்கு," என்றார் கடைசியில். "சரி, இங்கயே வெச்சுக்கலாம். ஆனா அடுத்த தடவை நான் எதையும் எழுத மாட்டேன். போன்லதான் சொல்லுவேன். நீ மட்டும் கேட்டுக்கோ."

"போன்லன்னா பொழுது சாஞ்சிடும்மா, யோசிச்சுக்கோ," என்றார் நாத்தனார் வீட்டுக்காரர் இவளிடம்.

"சாயட்டும்ண்ணா," என்றாள் மனைவி. "நீங்க இன்னும் ஒரு துண்டு போட்டுக்கோங்க."