நேரில் விசாரிக்கப்பட்டது

கோட்டுச்சேரியில் பஸ் ஏறியதிலிருந்து உமாமகேஸ்வரி ஒரே வாக்கியத்தை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தாள். "ஐயா, என் வீட்டுக்காரருக்கு இடுப்புக்குக் கீழ உணர்வு கிடையாது, தீப்பிடிச்சா அவரால எந்திரிச்சு ஓட முடியாதுங்க." அவ்வளவுதான். இதைச் சொல்லிவிட்டால் கல்லும் கரையும் என்று நம்பினாள், பாவம்.

லைன்மேன் வேலையில் இருந்த அவள் புருஷன் சிவநாதன் கம்பத்திலிருந்து விழுந்து நான்கு வருடமாகிறது. அவர் படுத்திருக்கும் சுவருக்கு மறுபக்கம், பதினைந்தடி தள்ளி, சோமசேகரனின் புதுக் குடோன். மளிகைச் சாமான் வைப்பதற்கு என்றுதான் தெருவே நினைத்திருந்தது. கேஸ் சிலிண்டர் அடுக்கப்போகிறார்கள் என்பது லைசென்ஸுக்கான நோட்டீஸ் ஒட்டிய பிறகுதான் தெரிந்தது. ஒன்பது வீட்டார் கையெழுத்துப் போட்டு மனு கொடுத்தார்கள். விசாரணைக்கு வரச்சொல்லிக் கடிதமும் வந்தது. பக்கத்து வீட்டு மாரிக்கண்ணுவைச் சிவநாதனுக்குத் துணையாக உட்காரவைத்துவிட்டு, மற்றவர்களோடு இவளும் காரைக்காலுக்குக் கிளம்பினாள்.

பத்து மணிக்கு வரச்சொன்னவர்கள் இரண்டரைக்குக் கூப்பிட்டார்கள். அதிலும் ஒருத்தர் வந்தால் போதும் என்றான் பியூன். குடோனுக்கு ரொம்பக் கிட்டே இருப்பவள் என்று இவளை உள்ளே அனுப்பினார்கள். அதிகாரிக்கு எதிரே சோமசேகரன் ஏற்கெனவே டீ குடித்து முடித்து, காலி கிளாஸோடு உட்கார்ந்திருந்தார். இவளை உட்காரச் சொல்ல ஆளில்லை.

"நீதானம்மா உமாமகேஸ்வரி?" அதிகாரி ஃபைலிலிருந்து ஒரு போட்டோவை எடுத்து நீட்டினார். "இது யாரு?"

அவளேதான். பட்டுப்புடவை கட்டி, மெழுகுவத்தியைப் பிடித்துக்கொண்டு குத்துவிளக்கு ஏற்றுகிறாள்.

குடோன் திறப்பன்று எடுத்த படம். சோமசேகரன் தாம்பூலத் தட்டோடு வீடு தேடி வந்து, "தங்கச்சி, பக்கத்து வீட்டு சுமங்கலி நீங்க, நீங்கதான் வந்து விளக்கேத்தணும்" என்றபோது அவள் இரண்டு கையாலும் தட்டை வாங்கிக்கொண்டாள். புருஷன் படுத்த நாளிலிருந்து நல்ல காரியம் எதற்கும் அவளை யாரும் முன்னே கூப்பிட்டதில்லை. வளைகாப்பில்கூட அவள் முறை வருமுன் சந்தனக் கிண்ணம் வேறு பக்கம் போய்விடும். மதித்துக் கூப்பிட்ட மனிதரிடம், உள்ளே என்ன வைக்கப்போகிறீர்கள் என்று யாராவது கேட்பார்களா? பீரோவின் அடியில் கிடந்த கல்யாணப் புடவையை எடுத்துக் கட்டிக்கொண்டு போனாள்.

"திறந்து வச்சதே நீதான். இப்ப ஆட்சேபணைன்னா எப்படிம்மா?"

"ஐயா, சிலிண்டர்னு அப்ப சொல்லலைங்க..."

"விளக்கேத்தினியா, இல்லையா?"

"ஏத்தினேங்க. ஆனா என் வீட்டுக்காரருக்கு..."

"ஏத்தினேன்னு ஒத்துக்குது, எழுதிக்கய்யா," என்றார் பக்கத்திலிருந்த கிளார்க்கிடம். "கையெழுத்துப் போட்டுட்டுக் கிளம்பும்மா."

நான்கு நிமிடம்கூட ஆகவில்லை. சோமசேகரன் அவள் முகத்தைப் பார்க்காமல் கைக்குட்டையை மடித்துக்கொண்டிருந்தார். வெளியே காத்திருந்த எட்டுப் பேரிடம் என்ன சொல்வது? தன்னையே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது அவளுக்கு.

பத்து நாளில் உத்தரவு வந்தது. ஆட்சேபணையாளர்கள் நேரில் முழுமையாக விசாரிக்கப்பட்டார்கள், ஆட்சேபணைக்கு முகாந்திரம் இல்லை என்று அழகாக டைப் அடித்திருந்தது.

மறுநாள் காலையில் அவள் கெட்டியான போர்வை ஒன்றைத் தரையில் விரித்தாள். "தீகீ பிடிச்சா இதுல போட்டு இழுத்துடலாங்க. இப்பவே பழகிப்போம்."

சிவநாதன் மறுக்கவில்லை. அவரைக் கட்டிலிலிருந்து சரித்து இறக்கி, மூச்சு வாங்க வாங்கக் கூடத்தைத் தாண்டி இழுத்துவந்தாள். வாசல் நிலைப்படியில் இடுப்பு மாட்டிக்கொண்டது. முன்னாலும் வரவில்லை, பின்னாலும் போகவில்லை. மாரிக்கண்ணு வயலுக்குப் போயிருந்தாள்.

"விட்டுடு உமா. நெசமாவே பிடிச்சா நீ மட்டும் ஓடிடு."

"வாயை மூடுங்க!" என்று கத்தினாள். பிறகு அங்கேயே உட்கார்ந்து அழுதாள். அவர் சொன்னதுதான் நடக்கும் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

குடோன் வாசலில் முதல் லாரி நின்று சிலிண்டர் இறங்கிக்கொண்டிருந்தது. வேறு வழியில்லாமல் அவளே போய்க் கூப்பிட்டாள். லோடுமேன்கள் இரண்டு பேர் ஓடிவந்து சிவநாதனைப் பூப்போலத் தூக்கிக் கட்டிலில் கிடத்தினார்கள்.

"எப்ப வேணும்னாலும் கூப்பிடுங்கக்கா," என்றான் அவர்களில் மூத்தவன். "இனிமே நாங்க இங்கதான இருப்போம்."

உமாமகேஸ்வரி இருவருக்கும் குடிக்கத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.