படம் வரைந்தவரின் ஒப்பம்

மணி நாலே முக்கால். அனுமதி அலுவலகத்தின் ஜன்னல் ஐந்துக்குச் சாத்தப்படும். வானவில் ஊர்வலம் நாளைக் காலை. விண்ணப்பத்தில் இன்னும் கையெழுத்தே விழவில்லை.

தைத்துக்கொண்டிருந்த சட்டையை ஒரு கையோடு விட்டுவிட்டு ஓடி வந்திருந்தாள், கூட்டாளிகள் ‘ஊசிப்பட்டாசு’ என்று கூப்பிடும் தையல்காரி. திருநங்கை. ஆறடி உயரம், கோபம் வந்தால் ஏழடி.

“நூறு பேர் இருக்கீங்களே தம்பி, கையெழுத்துப் போட நான்தான் கிடைச்சேனா?”

ஊர்வலக் குழுத் தலைவர் வங்கி அதிகாரி. அவர் மனம் ஆண்களிடம்தான் போகும் என்பது வீட்டில் ஈ எறும்புக்குக்கூடத் தெரியாது.

“பேரு, விலாசம் எல்லாம் போடணும்க்கா. அம்மா காதுக்குப் போச்சுன்னா நான் காலி.”

“எனக்கு மறைக்க என்ன இருக்கு? பஸ்ல ஏறினா டிரைவரே திரும்பிப் பார்க்கிறான்.”

பேனாவைத் திறந்தவள் விண்ணப்பத்தின் பின்னால் இணைத்திருந்த ஊர்வல வரிசைப் படத்தைப் பார்த்தாள். முதல் வரிசையில் கோட்டுப் போட்டவர்கள். நடுவில் ஜோடிகள். கடைசியில், ஊர்வலத்தின் பின்னால் வரும் குப்பை வண்டிக்கு ஒரு முழம் முன்னால், திருநங்கைகள். நாளைக்கென்று மூன்று வாரமாக எல்லா வரிசைக்கும் உடை தைத்தவள் அவள். விரல் நுனியில் ஊசி படாத இடமில்லை.

“இது என்னடா?”

“டிவியில காட்டுவாங்கக்கா. பார்க்கிறவங்க மிரண்டுடக் கூடாதுன்னு…”

“நான் என்ன காண்டாமிருகமா?”

“கமிட்டியில ஓட்டெடுத்து முடிவு பண்ணினது.”

“அந்த ஓட்டுக்கு எங்கள்ல யாரைக் கூப்பிட்டே?”

தலைவருக்கு வியர்த்த வியர்வையில் ஒரு தெருவே குளிக்கலாம். அவள் கடைசி வரிசையை ஒரே கோட்டில் அடித்தாள். உச்சியில் எழுதினாள்: ‘திருநங்கைகள், முன்வரிசை.’

“இதுக்குன்னா போடுறேன். இல்லேன்னா ஊர்வலமே வேணாம்.” சொல்லிக்கொண்டே தாளை ஜன்னலுக்குள் நீட்டினாள்.

ஜன்னலுக்குள் இருந்த குமாஸ்தா தாளை வாங்கிப் பார்த்தார்.

“திருத்தியிருக்கே. படம் வரைஞ்சவர் பேரெழுதி, பக்கத்துல ஒப்பம் வைக்கணும். வரைஞ்சது யாரு?”

தலைவர் கூரையைப் பார்த்தார். மின்விசிறி ஒரு சுற்றுச் சுற்ற ஒரு யுகம் எடுத்துக்கொண்டது.

“ரெண்டு நிமிஷம்தான் இருக்கு” என்றார் குமாஸ்தா, ஜன்னல் கதவில் கை வைத்தபடி.

அவள் பேனாவை நீட்டினாள். கெஞ்சவில்லை, திட்டவும் இல்லை.

“நான்தான் வரைஞ்சேன்” என்றார் தலைவர். முழுப்பேரையும் எழுதினார். பக்கத்தில் ஒப்பமும் வைத்தார். விண்ணப்பத்தில் அவள் விலாசத்தோடு தன் கையெழுத்தைப் போட்டாள். முத்திரை இடிபோல் விழுந்தது.

படியிறங்கும்போது அவர் கைப்பிடிச் சுவரை விடவே இல்லை.

“பயமா இருக்குக்கா.”

“எனக்கு மட்டும் என்ன, குளுகுளுன்னா இருக்கு? நாளைக்கு முன்னாடி நின்னு சேர்ந்து பயப்படலாம், வா.”